ஓட்டைக் காலணா: குறும்படம் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

'ஓட்டைக் காலணா' வேலூர்ப் பக்கம் ஏழு நண்பர்கள் சேர்ந்து எடுத்த 34 நிமிடக் குறும்படம். 1944இல் பாலாற்றங்கரைக் கிராமம் ஒன்றில் கதை நடக்கிறது. திரையிட்ட ஊர்களில் எல்லாம் திரும்பத் திரும்பக் கேட்கப்பட்ட கேள்விகளுக்கு, எழுதி இயக்கியவன் என்ற முறையில் இங்கே பதில் சொல்கிறேன். முடிவைப் பற்றிய கேள்வி ஒன்று இருக்கிறது. அதற்கு முன் குறிப்புப் போட்டிருக்கிறேன், படம் பார்க்காதவர்கள் அதைத் தாண்டிப் போய்விடுங்கள்.

கதை என்ன?

அஞ்சலை சந்தையில் கீரையும் கத்தரிக்காயும் விற்பவள். அவள் புருஷன் முனிரத்தினம், நெசவுக்காரர் வீட்டுப் பிள்ளை. தறியில் வேலை இல்லாமல் போனதால் 1940இல் பட்டாளத்தில் சேர்ந்து, அடுத்த வருஷம் மலேயாவுக்குக் கப்பல் ஏறினான். 1942 பிப்ரவரி 15 அன்று சிங்கப்பூர் ஜப்பானியர் கைக்குப் போனது. சில மாதம் கழித்து 'காணவில்லை' என்று ஒரு தந்தி வந்தது. அதோடு சரி.

இரண்டு வருஷம் போகிறது. ஊரில் பாரதக் கூத்து நடக்கிற சமயம், முன்பின் தெரியாத ஒருவன் வந்து திண்ணையில் உட்காருகிறான். "சிங்கப்பூர்ல என் மடியிலதாம்மா உயிர் போச்சு" என்று சொல்லி முனிரத்தினத்தின் சுருக்குப் பையைக் கொடுக்கிறான். உள்ளே ஒரு தாயத்து, கொஞ்சம் சில்லறை. அஞ்சலைக்கு எழுத்துத் தெரியாது, காசு தெரியும். சில்லறையைக் கையில் கொட்டுகிறாள். நடுவில் ஓட்டை போட்ட காலணா ஒன்று அதில் கிடக்கிறது. அந்த மாதிரிக் காசு சந்தைக்கு வந்தே ஒரு வருஷம்தான் ஆகிறது. 1942இல் செத்தவன் பைக்குள் அது எப்படி வந்தது?

இது துப்பறியும் படமா, போர்ப் படமா?

இந்தக் கேள்வி வராத ஊரே இல்லை. எனக்கு இரண்டும் ஒன்றுதான். போன ஆள் என்ன ஆனான் என்று தெரியாமல் ஒரு வீடு வருஷக்கணக்கில் காத்திருந்தால், அந்த வீட்டுக்குப் போர் என்பதே துப்பறியும் கதைதான். மணியார்டர் ஏன் இந்த மாதம் வரவில்லை? கடிதத்தில் எந்த வரியைத் தணிக்கைக்காரர் மை பூசி அழித்தார்? லீவில் வந்த பக்கத்து ஊர்ப் பட்டாளத்தான் ஏன் முகம் கொடுத்துப் பேசாமல் போனான்? இந்தத் துண்டுகளையெல்லாம் அடுப்படியில் உட்கார்ந்து பொருத்திப் பார்த்தவர்கள் நம் ஊர்ப் பெண்கள். அவர்களைத் துப்பறிவாளர் என்று யாரும் சொன்னதில்லை. அதைச் சொல்வதற்காகத்தான் இந்தப் படத்தை எடுத்தேன்.

துப்பறியும் கதைகளைத் தமிழில் பரப்பியவர்களில் ஆரணி குப்புசாமி முதலியார் முக்கியமானவர். ஆரணி நம் வட ஆற்காடுதான். அந்தக் காலத் துப்பறியும் கதைகளில் கெட்டிக்காரர் ஒருவர் வெளியிலிருந்து வந்து முடிச்சை அவிழ்த்துவிட்டுப் போய்விடுவார். எங்கள் கதையில் வெளியாள் கிடையாது. இழந்தவளே தேடுகிறாள், கண்டுபிடிப்பதன் பாரமும் அவள் தலையிலேயே விழுகிறது. குற்றம் செய்தது யார் என்று தெரிந்தால் மற்ற கதைகள் முடிந்துவிடும். அஞ்சலைக்குத் தெரிந்தபிறகுதான் சோதனையே வருகிறது.

ஏன் வட ஆற்காடு? மதுரை, தஞ்சாவூர் என்று வைத்திருக்கக் கூடாதா?

பட்டாளத்தைத் தனியாக விளக்கத் தேவையில்லாத மண் இது. வேலூர்ப் பக்கம் கம்மவான்பேட்டையை 'ராணுவப்பேட்டை' என்றே சொல்வார்கள். தலைமுறை தலைமுறையாகப் பட்டாளத்துக்கு ஆள் அனுப்பிய ஊர். மற்ற ஊர்களிலும் 'பட்டாளத்தார் வீடு' என்று ஒரு வீடாவது இருக்கும். இரண்டாம் உலகப் போரில் இந்திய ராணுவம் 25 லட்சம் பேர் வரை பெருகியது. கட்டாய ஆள்சேர்ப்பு கிடையாது, எல்லாரும் தாங்களாகச் சேர்ந்தவர்கள். 'தாங்களாக' என்ற சொல்லுக்குள் எவ்வளவு பசி இருந்தது என்பது வேறு விஷயம்.

வேலூர் லாங் பஜார் மணிக்கூண்டில் ஒரு கல்வெட்டு இருக்கிறது, பார்த்திருப்பீர்கள். 1914 முதல் 1919 வரை நடந்த பெரும் போருக்கு இந்த ஊரிலிருந்து இத்தனை பேர் போனார்கள், அதில் இத்தனை பேர் உயிர் கொடுத்தார்கள் என்று இரண்டு எண்கள். பெயர் ஒன்றுகூட இல்லை. கல்லூரி நாளில் அந்தக் கூண்டின் நிழலில் பஸ்ஸுக்கு நிற்பேன். அந்த இரண்டு எண்களுக்கும் நடுவில் இருக்கும் வீடுகளைப் பற்றி யோசிக்க ஆரம்பித்தது அங்கேதான்.

படத்தில் 'வேலூர் மாவட்டம்' என்று யாரும் சொல்லாததையும் சிலர் கேட்டார்கள். 1944இல் அது வட ஆற்காடு ஜில்லா. திருவண்ணாமலை, ஆரணி, செய்யாறு எல்லாம் அதற்குள்தான் இருந்தன. 1989இல்தான் திருவண்ணாமலை தனியாகப் பிரிந்தது.

ஓட்டைக் காலணா என்ற காசு உண்மையில் இருந்ததா?

இருந்தது. 1943 முதல் 1947 வரை அச்சடித்தார்கள். போரில் செம்புக்குத் தட்டுப்பாடு, தோட்டாவுக்கும் கம்பிக்கும் செம்பு வேண்டும். அதனால் பழைய காலணாவைச் சிறிதாக்கி, நடுவில் பெரிய ஓட்டை போட்டு, உலோகத்தை மிச்சம் பிடித்தார்கள். நான்கு காலணா ஓர் அணா, பதினாறு அணா ஒரு ரூபாய். ஆக ஒரு ரூபாய்க்கு 64 காலணா.

படத்தில் காட்டியிருப்பது அசல் காசு. நண்பனுடைய ஆயாவின் (பாட்டியின்) அஞ்சறைப் பெட்டியில் கிடந்தது. சுண்டு விரலை விட்டுப் பார்த்தால் நகம் வரை நுழைந்து நிற்கும். பழைய காலணாவையும் இதையும் இரண்டு உள்ளங்கையில் வைத்தால் கண்ணை மூடிக்கொண்டே வித்தியாசம் சொல்லிவிடலாம், இது அவ்வளவு லேசு. அஞ்சலை இருட்டில் சில்லறையைத் தடவிப் பார்க்கும் காட்சி அப்படித்தான் வந்தது. அந்த ஆயா சொன்ன இன்னொரு விஷயத்தையும் சேர்த்துக்கொண்டோம்: ஓட்டைக் காலணாவை நூலில் கோத்துக் குழந்தைகள் இடுப்பில் கட்டிவிடுவார்களாம். வண்டி வேலைக்கு வாஷராகவும் போட்டிருக்கிறார்கள். காசை விட வாஷருக்கு விலை அதிகமாக இருந்த காலம்.

அந்தக் காசு வந்தவனுடையதாக இருக்கலாமே? தவறிப்போய்ப் பைக்குள் விழுந்திருக்கலாமே?

நல்ல கேள்வி. படத்தில் விசாரிக்க வரும் ஏட்டும் இதையேதான் கேட்கிறார். அதனால்தான் இரண்டாவது தடயம் வைத்தோம். பையின் சுருக்குக் கயிறு அறுந்து, மறுபடி முடிச்சுப் போட்டிருக்கும். பை முழுக்க அழுக்கேறியிருக்க, முடிச்சுப் போட்ட நூல் மட்டும் புதுசு. முடிச்சு தறிக்காரர்கள் பாவு இழை அறுந்தால் போடும் முடிச்சு. சிறியது, தட்டையானது, விரலால் நீவினால் தட்டுப்படாது. அஞ்சலை வேண்டுமென்றே ஒரு நூலை அறுத்து, "இத்த கொஞ்சம் முடிஞ்சு குடுங்களேன்" என்று வந்தவனிடம் கொடுக்கிறாள். அவன் சாதாரணமாக எல்லாரும் போடுகிற முடிச்சைப் போடுகிறான். அவள் ஒன்றும் சொல்லாமல் வாங்கிக்கொள்கிறாள். அந்தக் காட்சியில் பின்னணி இசை வேண்டாம் என்று நான் பிடிவாதமாக இருந்தேன். குடியாத்தம் நெசவாளர் ஒருவர் இரண்டு நாள் உட்கார்ந்து நடிகர்களுக்கு அந்த முடிச்சைக் கற்றுக்கொடுத்தார்.

சிங்கப்பூரில் பிடிபட்டவன் போர் முடிவதற்குள் இந்தியாவுக்கு எப்படி வர முடியும்?

சிலர் வந்திருக்கிறார்கள். சிங்கப்பூர் விழுந்தபோது 40,000க்கும் மேற்பட்ட இந்தியச் சிப்பாய்கள் கைதியானார்கள். அவர்களில் பெரும் பகுதியினர் இந்திய தேசிய ராணுவத்தில் சேர்ந்தார்கள். தோட்டங்களில் இருந்த தமிழர்களும் ஆயிரக்கணக்கில் சேர்ந்தார்கள். பினாங்கில் சிலருக்கு உளவுப் பயிற்சி கொடுத்து, ஜப்பானிய நீர்மூழ்கிக் கப்பலில் ஏற்றி இந்தியக் கரையில் இறக்கிவிட்டார்கள். 1942 செப்டம்பரில் மலபார்க் கரையில் தானூரில் ஒரு குழு இறங்கி, உடனே பிடிபட்டது. இப்படி வந்து சிக்கியவர்களில் வக்கம் காதர் உள்ளிட்ட நால்வரை 1943 செப்டம்பர் 10 அன்று சென்னைச் சிறையில் தூக்கிலிட்டார்கள். காதருக்கு அப்போது வயது 26.

படத்தின் பயம் முழுக்க இங்கேதான் இருக்கிறது. அஞ்சலை சந்தேகப்படுவது உண்மையானால் அவள் புருஷன் உயிரோடு இருக்கிறான். ஆனால் அது ஊருக்குத் தெரிந்தால் அவன் கழுத்துக்குக் கயிறு. ஒரு தடயம் கிடைக்கும்போதெல்லாம் அவள் முகத்தில் சந்தோஷம் வந்து பாதியில் நிற்பது அதனால்தான்.

பிரிட்டிஷ் பட்டாளத்தில் சேர்ந்தவனுக்காக நாங்கள் ஏன் வருத்தப்பட வேண்டும்?

ஒரு திரையிடலில் இளைஞர் ஒருவர் கோபமாகக் கேட்டார். அந்தக் கோபத்தை மதிக்கிறேன். அந்த வருஷங்களில் வேலூர் மத்திய சிறையில் விடுதலைப் போராட்டக்காரர்கள் அடைபட்டிருந்தார்கள். காமராஜர் 1940 கடைசியில் கைதாகி இங்கேதான் வந்தார். சிறைக்குள் இருக்கும்போதே 1941இல் விருதுநகர் நகராட்சித் தலைவராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார். அதே சமயத்தில் சிறைச் சுவருக்கு வெளியே, பட்டாளத்துக்கு ஆள் எடுக்கும் இடத்தில் இளைஞர்கள் மார்பளவு கொடுத்துக்கொண்டு நின்றார்கள். இரண்டு வரிசையிலும் ஒரே வீட்டுப் பிள்ளைகள் நின்றிருக்கலாம்.

1942 மார்ச்சில் ரங்கூன் விழுந்ததும் பர்மா அரிசி வருவது நின்றது, தட்டுப்பாடு வந்தது. மாதாமாதம் வீட்டுக்கு மணியார்டர் வரும் என்பதற்காகக் கையெழுத்துப் போட்டவனைத் துரோகி என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. படத்தில் இந்த விவாதம் ஒரே ஒரு இடத்தில், திண்ணைப் பேச்சாக வருகிறது. இன்னும் கொஞ்சம் நீளமாக வைத்திருக்கலாம் என்று இப்போது தோன்றுகிறது.

கதைக்குள் தெருக்கூத்து எதற்கு?

எங்கள் பக்கத்துத் திரௌபதி அம்மன் கோயில்களில் பாரதம் நடந்ததைப் பார்த்தவர்களுக்கு இந்தக் கேள்வியே வராது. பகலில் பாரதம் படிப்பார்கள், ராத்திரி விடிய விடியக் கூத்து. கடைசி நாள் காலையில் படுகளம். தரையில் மண்ணால் செய்த துரியோதனன் மல்லாந்து கிடப்பான். ஓர் ஆள் அவன் மார்பின் மேல் ஏறி நின்றால் பொம்மை மாதிரித் தெரியும், அவ்வளவு பெரியவன். பீமன் தொடையில் அடிப்பான், பாஞ்சாலி கூந்தல் முடிவாள். செத்தவனுக்காக ஒப்பாரியும் பாடுவார்கள். வில்லன் என்று ஊரே அறிந்தவனுக்கு அழ ஆள் வைத்திருக்கிற மரபு நம்முடையது. போரைப் பற்றி இதைவிடப் பெரிதாக நான் என்ன யோசித்துவிடப் போகிறேன்?

துப்பறியும் கதைக்கும் கூத்து உதவியது. அரிதாரம் பூசி, கிரீடமும் புஜக்கட்டையும் ஏற்றிவிட்டால் பெற்ற தாய்க்கே அடையாளம் தெரியாது. தேடப்படும் ஒருவன் ஊர் நடுவில், ஊரே பார்க்க நிற்க முடிகிற ஒரே இடம் அதுதான்.

படத்தில் வருபவர்கள் தொழில்முறைக் கூத்துக் கலைஞர்கள். முகவீணை, மிருதங்கம், ஆர்மோனியம் எல்லாம் அங்கேயே வாசித்து அங்கேயே பதிவு செய்தவை.

ராத்திரிக் காட்சிகள் ஏன் அவ்வளவு இருட்டாக இருக்கின்றன?

பர்மா போனதோடு மண்ணெண்ணெயும் போனது. அதனால் படத்துக் கூத்தில் பெட்ரோமாக்ஸ் வேண்டாம், தீவட்டி வைக்கலாம் என்று முடிவு செய்தோம். எண்ணெயில் நனைத்த துணிப்பந்தம் இரண்டு, ஆட்டக்காரர்களுக்கு இரண்டு பக்கமும். கொஞ்ச வெளிச்சத்திலும் எடுக்கிற எப் 1.4 லென்ஸ் போட்டு, கேமராவின் ஒளி உணரும் அளவை (ஐஎஸ்ஓ) 3200 வரை ஏற்றி, வேறு விளக்கே இல்லாமல் எடுத்தோம். ஆட்டக்காரர் சுற்றும்போது முகம் ஒரு கணம் தெரிந்து மறையும். அஞ்சலை கூட்டத்தில் உட்கார்ந்து எந்த வெளிச்சத்தில் பார்க்கிறாளோ, அந்த வெளிச்சம்தான் உங்களுக்கும். செல்போனில் பார்ப்பவர்கள் தயவுசெய்து திரை வெளிச்சத்தைக் கூட்டிவைத்து, இருட்டு அறையில் பாருங்கள்.

வேலூர்க் கோட்டையை ஏன் காட்டவில்லை?

'தண்ணியில்லா ஆறு, மரமில்லா மலை, சாமியில்லா கோயில், ராஜா இல்லா கோட்டை' என்று எங்கள் ஊரைப் பற்றி ஒரு சொலவடை உண்டு. (கோட்டைக்குள் இருக்கும் ஜலகண்டேஸ்வரர் கோயிலுக்கு 1981இல் சாமி திரும்பிவிட்டார்.) கோட்டையைக் காட்டினால் 1806 ஜூலை 10 சிப்பாய்ப் புரட்சி ஞாபகத்துக்கு வரும், அது தனிப் படத்துக்கான கதை. எங்களுக்குத் தண்ணியில்லா ஆறு போதும். அஞ்சலை சந்தைக்குப் போக வெறும் மணலில் நடக்கிறாள், பங்குனி வெயிலில். அதற்குச் செட் போட வேண்டியிருக்கவில்லை.

காட்பாடி ரயில் காட்சியில் ரயிலே இல்லையே?

இன்றைய காட்பாடியில் எங்கே கேமராவை வைத்தாலும் மின்கம்பி தெரியும். அதனால் அஞ்சலையின் முகம், நீராவி எஞ்சின் சத்தம், இரண்டும் போதும் என்று வைத்துவிட்டோம்.

பேச்சு மொழி புரியவில்லை என்று சிலர் சொல்கிறார்களே?

'இன்னா', 'கீது', 'வந்துனு கீறான்' எல்லாம் எங்கள் மக்கள் பேசுகிற தமிழ். சினிமாவில் இந்தப் பேச்சை ரௌடிக்கும் சிரிப்புக்கும் ஒதுக்கிவைத்தது எனக்கு நெடுநாள் வருத்தம். இந்தத் தமிழில் துக்கமும் பேசலாம். அஞ்சலை தந்தியைக் கையில் வைத்துக்கொண்டு "இதுல செத்துட்டான்னு எழுதி கீதா, இல்லன்னு எழுதி கீதா?" என்று தபால்காரரைக் கேட்கும்போது யாரும் சிரித்ததில்லை. தமிழிலேயே வசன வரிகளும் போட்டிருக்கிறோம்.

படத்தில் தவறு ஏதாவது உண்டா?

உண்டு. ஆற்றங்கரைக் காட்சி ஒன்றில் பின்னால் சீமைக்கருவேலம் அடர்ந்து நிற்கிறது. அது இப்படிக் காடாக மண்டியது பிற்காலத்தில். பெரியவர் ஒருவர் முதல் திரையிடலிலேயே எழுந்து சொன்னார். "அந்த எடத்துல அப்போ நாணல்தான்பா இருக்கும்." அவருக்கு நன்றி. திரும்ப எடுக்கப் பணம் இல்லை, அந்தக் காட்சியை நான்கு வினாடியாகக் குறைத்துவிட்டோம்.

(படம் பார்த்தவர்களுக்கு மட்டும்) கடைசியில் அஞ்சலை ஏன் பொய் சொல்கிறாள்?

படுகளத்துக்கு முதல் நாள் ராத்திரி, ஒப்பனைக் கொட்டகையில், கிரீடத்தை இறக்கிவைக்கும் கையை அவள் பார்த்துவிடுகிறாள். பேச்சு இல்லை. காலையில் ஏட்டு விசாரிக்கும்போது, "அந்த காலணா என்னுது ஏட்டையா. சந்தையில வந்துது, நான்தான் பையில போட்டேன்" என்கிறாள். இரண்டு வருஷம் தேடி, தானே கண்டுபிடித்த ஒரே சாட்சியத்தைத் தானே அழிக்கிறாள். அவன் உயிரோடு இருக்க வேண்டுமானால் ஊருக்கு அவன் செத்தவனாகவே இருக்க வேண்டும். அன்று மாலையே அவளுக்குத் தாலி அறுக்கும் சடங்கு. அந்தச் சடங்கை நாங்கள் காட்டவில்லை, வாசலில் கேட்கும் ஒப்பாரி மட்டும்தான்.

வந்தவன் யார் என்று கேட்கிறார்கள். முனிரத்தினம் அனுப்பிய ஆள். 'செத்துவிட்டேன் என்று சொல், அவள் நிம்மதியாக இருக்கட்டும்' என்று அனுப்பியிருக்கிறான். பையைக் கொடுத்துவிட்டபோது உள்ளே இருந்த காசை மட்டும் அவன் எண்ணிப் பார்க்கவில்லை. ஏட்டுக்கு அவள் பொய் தெரியுமா என்று கேட்டால், தெரியும் என்றுதான் எனக்குப் படுகிறது. அவர் நோட்டுப் புத்தகத்தை மூடுவதற்கு எடுத்துக்கொள்ளும் நேரத்தைப் பாருங்கள். நடித்தவர் வேறு மாதிரி நினைக்கிறார்.

எவ்வளவு செலவானது? கல்லூரியில் திரையிடலாமா?

ஏழு பேரின் சேமிப்பு, அதற்கு மேல் கொஞ்சம் கடன். கல்லூரி, நூலகம், ஊர்ச் சாவடி எங்கே வேண்டுமானாலும் திரையிடலாம், கட்டணம் இல்லை. பெரியவர்களுக்கு முன்வரிசையில் நாற்காலி போடுங்கள், அது ஒன்றுதான் நிபந்தனை.

எங்கள் தாத்தாவும் போருக்குப் போய்த் திரும்பவில்லை. எப்படித் தேடுவது?

ஒவ்வொரு திரையிடலிலும் படம் முடிந்தபிறகு இரண்டு பேராவது ஒதுங்கி நின்று இதைக் கேட்கிறார்கள். முதலில் வீட்டைத் தேடுங்கள். பதக்கம் இருந்தால் விளிம்பைச் சாம்பல் போட்டுத் துடைத்து, வெயிலில் சாய்த்துப் பாருங்கள். பலவற்றில் எண், பெயர், படைப்பிரிவு மூன்றையும் பொறித்திருப்பார்கள். எண் கிடைத்தால் பாதி வேலை முடிந்தது.

அப்புறம் காமன்வெல்த் போர்க் கல்லறை ஆணையத்தின் இணையப் பதிவேடு. இறந்தவர்கள், உடல் கிடைக்காதவர்கள் பெயரெல்லாம் அதில் இருக்கிறது, இலவசமாகத் தேடலாம். மலேயா, சிங்கப்பூர்ப் பக்கம் போனவர் என்றால் சிங்கப்பூர் கிராஞ்சி நினைவிடத்தில் பாருங்கள். உடல் கிடைக்காத 24,000க்கும் மேற்பட்டவர்களின் பெயர்களை அங்கே சுவரில் வெட்டியிருக்கிறார்கள். பர்மா என்றால் ரங்கூனுக்கு வடக்கே தாவுக்கியான் போர்க் கல்லறை. பெயரை நான்கைந்து விதமாக எழுத்துக் கூட்டித் தேடுங்கள். முனுசாமி ஒரே ஆள்தான், ஆங்கிலத்தில் எழுதிய குமாஸ்தாக்கள்தான் ஆளுக்கொரு விதமாக எழுதிவிட்டார்கள்.

பெயர் சிக்காவிட்டால் அப்பா பெயர், ஊர்ப் பெயர் வைத்துத் தேடுங்கள். பல பதிவுகளில் கீழே ஒரு வரி இருக்கும்: இன்னாருடைய மகன், இன்னாருடைய கணவர், இன்ன ஊர், வட ஆற்காடு. எனவே உங்கள் ஆயாவின் பெயரையும் எழுதி வைத்துக்கொண்டு உட்காருங்கள். கூப்பிடும் பெயர் வேண்டாம், பட்டாளத்தில் எழுதிக் கொடுத்த பெயர் என்ன என்று வீட்டுப் பெரியவர்களைக் கேளுங்கள்.